பதவி உயர்வு தள்ளிப்போகிறதா? முதலில் பட்டியலைப் பாருங்கள்

பதவி உயர்வு வரவில்லை என்று என்னிடம் வரும் ஆசிரியர்கள் பெரும்பாலும் வாட்ஸ்அப்பில் வந்த ஒரு தீர்ப்பைக் காட்டித்தான் பேச்சைத் தொடங்குவார்கள். நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான். கடைசியாக வெளியான முன்னுரிமைப் பட்டியலில் உங்கள் வரிசை எண் என்ன? பாதிப் பேருக்குத் தெரியாது. "லிஸ்ட்ல இருக்கேன் மேடம், பக்கத்துப் பள்ளி சார் சொன்னார்" என்பார்கள்.

நான் ஆசிரியை இல்லை. கல்வித் துறை அலுவலகங்களில் ஆசிரியர்களின் பணி விவரங்களைக் கவனிக்கும் 'அ' பிரிவில் உதவியாளராகச் சேர்ந்து, கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவள். பதவி உயர்வுக் கருத்துருக்களைத் தயாரித்து இயக்குநரகத்துக்கு அனுப்பும் வேலை. ஒரு பெயர் பட்டியலில் ஏன் ஏறுகிறது, ஏன் விடுபடுகிறது என்பதை மேசையின் இந்தப் பக்கம் இருந்து பார்த்திருக்கிறேன். தமிழ்நாட்டு அரசுப் பள்ளி ஆசிரியர்களுக்காக மட்டும் இதை எழுதுகிறேன். உதவி பெறும் பள்ளிகளில் நியமன அதிகாரி பள்ளிக் குழு என்பதால் அங்கே வழி வேறு.

சட்டம் தருவது எது, தராதது எது

பதவி உயர்வு உங்கள் உரிமை இல்லை. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உரிமை. 1999இல் பஞ்சாப் அரசு தொடர்பான அஜித் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதைத் தெளிவாகச் சொன்னது. தகுதியும் முன்னுரிமையும் உள்ள ஒருவரைப் பரிசீலிக்காமலே விட்டால் அது அரசியலமைப்பின் 14, 16 ஆகிய பிரிவுகளை மீறுவதாகும். ஆகவே விண்ணப்பத்தில் 'எனக்குப் பதவி உயர்வு வழங்குக' என்று மட்டும் எழுதினால் போதாது. 'எனக்கு இளையவர் பரிசீலிக்கப்பட்டிருக்கிறார், என் பெயர் பரிசீலிக்கப்படவில்லை' என்று எழுதுங்கள். இளையவர் என்றால் வயதில் அல்ல, முன்னுரிமையில் உங்களுக்குப் பின்னால் இருப்பவர். சட்டம் உங்கள் பக்கம் நிற்பது அந்த இரண்டாவது வரியில்தான்.

காலியிடம் எப்போதோ ஏற்பட்டது, அந்தத் தேதியிலிருந்தே எனக்கு வேண்டும் என்று பலர் கேட்கிறார்கள். பொதுவாகக் கிடைக்காது. பதவி உயர்வு, வழங்கப்பட்ட நாளிலிருந்துதான் செல்லும், காலியிடம் ஏற்பட்ட நாளிலிருந்து அல்ல என்பதை 2024இல் பீகார் மின்வாரியம் தொடர்பான தரம்தேவ் தாஸ் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியது.

இதைவிடப் பெரிய ஆபத்து ஒன்று உண்டு. 'காலியிடம் உருவானபோது இருந்த பழைய விதிப்படிதான் நிரப்ப வேண்டும்' என்ற வாதத்துக்கு 1983ஆம் ஆண்டின் ரங்கய்யா தீர்ப்பைத்தான் எல்லோரும் காட்டுவார்கள். 2022இல் இமாச்சலப் பிரதேசத்தின் ராஜ்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைச் செல்லாததாக்கிவிட்டது. பரிசீலிக்கும் நாளில் எந்த விதி நடப்பில் இருக்கிறதோ அதுதான் பொருந்தும். அதாவது, நீங்கள் பேசாமல் காத்திருக்கும் காலத்தில் விதி மாறினால் உங்களுக்குப் புது விதிதான். டெட் எனப்படும் ஆசிரியர் தகுதித் தேர்வு விவகாரத்தில் ஆயிரக்கணக்கானவர்களுக்கு நடந்தது இதுதான்.

தாமதம் யாருக்கு?

எல்லோருக்கும் நிற்கிறதா, உங்களுக்கு மட்டும் நிற்கிறதா? இதைப் பிரித்துப் பார்க்காமல் மனு எழுதக் கூடாது.

கலந்தாய்வே நடக்கவில்லை, நீதிமன்றத் தடை இருக்கிறது, அரசாணை மாறியிருக்கிறது என்றால் அது எல்லோருக்குமான தேக்கம். தொடக்கக் கல்வியில் 21.12.2023 தேதியிட்ட 243ஆம் எண் அரசாணை வந்து, அதுவரை ஊராட்சி ஒன்றிய அளவில் இருந்த முன்னுரிமையை மாநில அளவுக்கு மாற்றியது. தம் ஒன்றியத்தில் அடுத்த தலைமை ஆசிரியர் தாம்தான் என்று இருந்தவர் மாநிலப் பட்டியலில் எங்கோ போனார். சங்கங்கள் டிட்டோஜாக் பெயரில் சேர்ந்து போராடியது அதற்காகத்தான். இந்த மாதிரி விஷயத்தில் தனி ஆளாக மனு போட்டுப் பெரிய பலன் இருக்காது. சங்கத்தோடு சேர்ந்து நில்லுங்கள், அல்லது பாதிக்கப்பட்ட சிலர் சேர்ந்து அரசாணையையே எதிர்த்து வழக்குப் போடுங்கள். பட்டியலே தயாரிக்காமல் ஆண்டுகளைக் கடத்தினால், தயாரிக்கச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் கேட்கலாம்.

உங்கள் பெயர் மட்டும் விடுபட்டது, அல்லது இளையவர் தாண்டிப் போனார் என்றால் அது உங்கள் சொந்த வழக்கு. இனி எழுதுவதெல்லாம் அதற்குத்தான்.

பணிப்பதிவேட்டைத் திறந்து பாருங்கள்

அலுவலகத்தில் உட்கார்ந்து பார்த்த அனுபவத்தில் சொல்கிறேன். விடுபட்ட பெயர்களில் பெரும்பாலானவற்றின் பின்னால் சதி எதுவும் இருக்காது. பதிவேட்டில் ஒரு பதிவு இல்லாமல் இருக்கும். கருத்துரு தயாரிக்கும் உதவியாளர் உங்கள் முகத்தைப் பார்த்து எழுதுவதில்லை, எஸ்.ஆரை, அதாவது பணிப்பதிவேட்டைப் பார்த்து எழுதுகிறார். அதில் இல்லாத பட்டம் உங்களிடம் இல்லை என்றே பொருள்.

பார்க்க வேண்டியவை இவை. பணிவரன்முறை ஆணை, அதாவது நியமனத்தை முறைப்படுத்திய ஆணை பதிவாகியிருக்கிறதா? தகுதிகாண் பருவம் முடித்த ஆணை இருக்கிறதா? இந்த இரண்டும் இல்லாமல் பல ஆண்டு சம்பளம் வாங்கிக்கொண்டிருப்பவர்கள் உண்டு. சம்பளம் தடையில்லாமல் வருவதால் யாரும் கவனிப்பதில்லை. பதவி உயர்வு வரும்போதுதான் இடிக்கும். உயர்கல்விக்கு முன் அனுமதி பெற்ற கடிதம், பட்டத்தின் பதிவு, உண்மைத்தன்மைச் சான்று ஆகியவை அடுத்தது. உண்மைத்தன்மைச் சான்று பல்கலைக்கழகத்திலிருந்து வர மாதக் கணக்காகும். வெளிமாநிலப் பல்கலைக்கழகம் என்றால் சொல்லவே வேண்டாம். பட்டியல் வந்தபிறகு இதற்கு ஓடினால் அந்த ஆண்டு போய்விடும். படிப்பு முடித்த கையோடு விண்ணப்பித்துவிடுங்கள்.

படித்த வரிசையையும் பாருங்கள். பள்ளிப் படிப்பு, இளநிலை, முதுநிலை என்று முறையாக ஏறி வந்ததா? ஓராண்டில் முடித்த இரட்டைப் பட்டம் போன்றவை ஏற்கெனவே பலருடைய பதவி உயர்வைச் சிக்கலாக்கியிருக்கின்றன. நீங்கள் கேட்கும் பணியிடத்தின் பாடமும் உங்கள் பட்டத்தின் பாடமும் ஒன்றா, இல்லை இணையானது என்று அரசாணை இருக்கிறதா? இணைத்தன்மைக்கு அரசாணை எண் வேண்டும். பல்கலைக்கழகம் தந்த கடிதத்தை மட்டும் வைத்து எந்த உதவியாளரும் கையெழுத்துக்கு வைக்க மாட்டார்.

துறைத்தேர்வு தேவைப்படும் பதவி என்றால், தேர்ச்சி வெளியான அறிக்கையின் எண்ணும் தேதியும் பதிவேட்டில் ஏறியிருக்க வேண்டும். டி.என்.பி.எஸ்.சி. இந்தத் தேர்வுகளை ஆண்டுக்கு இரண்டு முறை நடத்துகிறது. தேர்ச்சி பெற்றதைச் சொந்தக் கோப்பில் பத்திரமாக வைத்துவிட்டு அலுவலகத்துக்குத் தராமலே இருந்தவர்களை எனக்குத் தெரியும்.

முக்கியமான இன்னொன்று. நேரடி நியமனத்தில் வந்தவர்களுக்கு முன்னுரிமை, பணியில் சேர்ந்த தேதியை வைத்து இல்லை. ஆசிரியர் தேர்வு வாரியத்தின் தர வரிசையை வைத்துத்தான். 'நான் அவருக்கு இரண்டு நாள் முன்னால் சேர்ந்தேன்' என்று தொடங்கும் மனுக்கள் அத்தோடு முடிந்துபோகும். உங்கள் தேர்வு ஆண்டு, தர எண் இரண்டையும் கண்டுபிடித்து வைத்துக்கொள்ளுங்கள்.

பதிவேட்டைப் பார்க்க உங்களுக்கு உரிமை உண்டு. ஒவ்வொரு பக்கத்தையும் நகல் எடுத்து வையுங்கள். பள்ளிக் கல்வித் துறையின் எமிஸ் தளம், அரசு ஊழியர்களின் சம்பளம், பணி விவரங்களுக்கான களஞ்சியம் தளம் இரண்டிலும் உள்ள விவரம் எஸ்.ஆரோடு ஒத்துப்போகிறதா என்றும் பாருங்கள்.

பட்டியல் வெளியாகும் வாரம்

ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 1ஆம் தேதி நிலவரப்படி தகுதி உள்ளவர்களின் விவரம் கேட்டு இயக்குநரின் செயல்முறைகள், அதாவது அவருடைய அலுவலக ஆணை வரும். பள்ளித் தலைமை ஆசிரியர் வழியாக உங்கள் விவரம் போகும், உத்தேசப் பட்டியல் திரும்பி வரும், திருத்தம் இருந்தால் சொல்லச் சொல்வார்கள். அவகாசம் சில நாள்தான். சில நேரம் மாலையில் மின்னஞ்சல் வந்து மறுநாள் நண்பகலுக்குள் பதில் கேட்பார்கள். அலுவலக வழக்கம் அப்படி.

இந்தச் சில நாட்களில் நீங்கள் எழுதும் ஒரு பக்க ஆட்சேபனைக்கு, பிற்பாடு நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் நாற்பது பக்கத்தைவிட மதிப்பு அதிகம். 'பட்டியல் வந்தபோது ஏன் பேசவில்லை' என்பதுதான் அரசு வழக்கறிஞர் கேட்கும் முதல் கேள்வி.

எழுதும் விதம் இப்படி இருக்கட்டும்:

"பொருள்: 1.1.___ நிலவரப்படியான முதுகலை ஆசிரியர் (தமிழ்) பதவி உயர்வு முன்னுரிமைப் பட்டியலில் பெயர் விடுபட்டமை - சேர்க்கக் கோருதல்.
பார்வை: இயக்குநரின் செயல்முறைகள் ந.க.எண் ___, நாள் ___.
நான் ___ முதல் பட்டதாரி ஆசிரியராகப் பணிபுரிகிறேன். என் தேர்வு வாரியத் தர எண் ___. தகுதிகாண் பருவம் முடித்த ஆணை ___. முதுகலைப் பட்டம் ___ இல் பெற்று, பணிப்பதிவேட்டில் பக்கம் ___ இல் பதிவாகியுள்ளது. உத்தேசப் பட்டியலில் வரிசை எண் ___ இல் உள்ளவர் தர எண்ணில் எனக்கு இளையவர். என் பெயர் இடம்பெறவில்லை. என் பெயரை உரிய இடத்தில் சேர்த்துப் பரிசீலிக்கவும், இயலாது எனில் காரணத்துடன் எழுத்துமூலம் ஆணை வழங்கவும் கோருகிறேன்."

இதற்கு மேல் வேண்டாம். 'கண்ணீருடன்' எல்லாம் வேண்டாம், இருபது ஆண்டு சேவை, வயதான பெற்றோர் எதுவும் வேண்டாம். அந்தப் பத்திகளைப் பிரிவில் யாரும் படிப்பதில்லை. கடைசி வரியை மட்டும் விட்டுவிடாதீர்கள். காரணத்துடன் ஆணை கேட்டிருந்தால்தான் பிறகு எதை எதிர்ப்பது என்று உங்களுக்குத் தெரியும்.

உரிய வழியாக, அதாவது தலைமை ஆசிரியர் மூலம் ஒன்று அனுப்புங்கள். முன்நகல் ஒன்றை நேராக இயக்குநருக்கு, ஒப்புகையுடன் விரைவு அஞ்சலில் அனுப்புங்கள். அலுவலகத்தில் கையில் கொடுத்தால் உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் வாங்காமல் நகராதீர்கள். 'வெச்சுட்டுப் போங்க சார், பார்க்கிறேன்' என்று சொல்வார்கள். அது மோசமான எண்ணத்தில் சொல்வதாக இருக்காது. ஆனால் அந்தத் தாள் கணக்கில் வராது.

பதில் வரவில்லையா? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டி ஒரு மனு. 30 நாளில் பதில் தர வேண்டும். வராவிட்டால் 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதிலும் ஏமாற்றம் என்றால் 90 நாளுக்குள் தமிழ்நாடு தகவல் ஆணையத்துக்கு இரண்டாவது மேல்முறையீடு. 'ஏன் எனக்குத் தரவில்லை' என்று கேட்காதீர்கள். கருத்துக்குப் பதில் சொல்லத் தேவையில்லை என்று முடித்துவிடுவார்கள். ஆவணத்தைக் கேளுங்கள். என் இந்தத் தேதியிட்ட மனுவின் மீதான கோப்புக் குறிப்பின் நகல், இந்தப் பாடத்துக்கான இறுதித் தேர்ந்தோர் பட்டியலின் நகல், அந்தப் பட்டியலுக்குக் கணக்கிட்ட காலியிட எண்ணிக்கை. கோப்புக் குறிப்பு கைக்கு வந்தால் பெரும்பாலும் வழக்கே புரிந்துவிடும். இளையவரின் தனிப்பட்ட விவரங்களைக் கேட்டால் மறுப்பார்கள், அந்தப் பக்கம் போக வேண்டாம்.

நடவடிக்கை நிலுவை என்ற காரணம்

ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(ஆ) பிரிவில் கொடுத்த குற்றக் குறிப்பாணை நிலுவையில் இருந்தால் பெயரைத் தள்ளி வைப்பார்கள். அதற்கு விதி இருக்கிறது. ஆனால் யாரோ புகார் எழுதினார்கள், விசாரணை நடக்கப்போகிறது, விளக்கம் கேட்டிருக்கிறோம் என்பதெல்லாம் காரணம் ஆகாது. 1991இல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் கோடு போட்டுவிட்டது. குற்றக் குறிப்பாணை கொடுத்த பிறகு அல்லது குற்றவியல் நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகுதான் நடவடிக்கை தொடங்கியதாகப் பொருள். அதற்கு முன் நிறுத்தக் கூடாது. குற்றச்சாட்டிலிருந்து முழுமையாக விடுவிக்கப்பட்டால், இளையவர் உயர்ந்த தேதியிலிருந்து உங்களுக்கும் கேட்கலாம். வேலை செய்யத் தயாராக இருந்தவரைத் துறையே தடுத்து வைத்துவிட்டு 'வேலை இல்லை, ஊதியமும் இல்லை' என்று சொல்ல முடியாது என்பதும் அதே தீர்ப்பில் உண்டு.

குறிப்பாணையைக் கொடுத்துவிட்டு விசாரணையை ஆண்டுக்கணக்கில் இழுத்தடிப்பதுதான் நடைமுறையில் அதிகம். அப்போது பதவி உயர்வு கேட்டு எழுதுவதைவிட, விசாரணையை இத்தனை காலத்துக்குள் முடிக்க உத்தரவிடுங்கள் என்று உயர் நீதிமன்றத்தில் கேட்பது பலன் தரும்.

டெட்

1 முதல் 8ஆம் வகுப்பு வரை கற்பிக்கத் தகுதித் தேர்வு வேண்டும் என்ற தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்தின் அறிவிக்கை 23.8.2010இல் வந்தது. பழைய ஆசிரியர்கள் பணியில் தொடரலாம், ஆனால் பதவி உயர்வுக்கு டெட் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2023 ஜூனில் சொன்னது. 1.9.2025இல் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி மேலே போனது. ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் இருப்பவர்கள் பணியில் தொடரவே இரண்டு ஆண்டுக்குள் தேர்ச்சி பெற வேண்டும். ஐந்து ஆண்டுக்குள் இருப்பவர்கள் டெட் இல்லாமல் ஓய்வு வரை தொடரலாம், ஆனால் பதவி உயர்வு கிடையாது. தமிழ்நாடு அரசு சீராய்வு மனு போட்டது.

இருபத்தைந்து ஆண்டு வகுப்பெடுத்தவரைத் தேர்வெழுதச் சொல்வது நியாயமா என்று கேட்டால் எனக்கும் மனம் ஒப்பவில்லை. இருந்தாலும் ஆலோசனை கேட்பவரிடம் ஒன்றைத்தான் சொல்வேன்: சீராய்வை நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள், விண்ணப்பியுங்கள். தேர்ச்சி பெற்றால் சான்றிதழை அன்றே எஸ்.ஆரில் ஏற்றுங்கள்.

நீதிமன்றம் போவது என்றால்

அரசு ஊழியர்களுக்கான மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் தமிழ்நாட்டில் இப்போது இல்லை. நேராக உயர் நீதிமன்றம்தான், 226ஆம் பிரிவின் கீழ் ரிட் மனு. மதுரை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலி போன்ற மாவட்டத்தவருக்கு மதுரைக் கிளை, கோவை, சேலம், வேலூர் போன்றவற்றுக்குச் சென்னை.

எவ்வளவு நாளுக்குள்? இளையவர் தாண்டிப் போனால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சிப்போனால் ஓராண்டுக்குள் வர வேண்டும் என்று 1974இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நம் மாநிலத்து வழக்குதான், சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு. பதினான்கு ஆண்டு கழித்து வந்தவரைத் திருப்பி அனுப்பினார்கள். முன்னுரிமையைத் திருத்தக் கோரும் விண்ணப்பத்துக்கு மூன்று ஆண்டு வரம்பு பழைய பொது விதிகளிலேயே உண்டு. அந்த விதிகளின் இடத்துக்கு 2016இல் பணி நிபந்தனைகள் சட்டம் வந்தது. மூன்று ஆண்டு இருக்கிறதே என்று பொறுத்திருக்காதீர்கள்.

மனு மேல் மனுவாகக் கொடுத்துக்கொண்டே இருந்தால் காலம் நீளும் என்று நினைப்பவர்கள் நிறைய. நீளாது. செத்துப்போன கோரிக்கைக்கு அதிகாரி இன்று பதில் எழுதினாலும் அது உயிர்பெறாது என்று 2008இல் ஜேக்கப் வழக்கில் சொல்லிவிட்டார்கள். அதனால்தான் 'என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுக' என்று மட்டும் கேட்கும் வழக்குகளை நான் ஊக்குவிப்பதில்லை. முதல் நாளிலேயே உத்தரவு கிடைக்கும், வழக்கறிஞருக்கும் சுலபம். பிறகு அலுவலகத்திலிருந்து 'பரிசீலித்து நிராகரிக்கப்படுகிறது' என்று நான்கு வரி வரும், நீங்கள் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். அந்தக் கடிதங்களை எழுதியவர்களில் நானும் ஒருத்தி. நிராகரிப்பு ஆணையோ இளையவரின் பதவி உயர்வு ஆணையோ கையில் இருந்தால் அதையே எதிர்த்துப் போடுங்கள்.

உங்களைத் தாண்டிப் போனவரை எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். கூட வேலை பார்ப்பவர், தினம் முகம் பார்க்க வேண்டும் என்று தயங்குகிறார்கள். சேர்க்காவிட்டால் வழக்கே நிற்காது என்று அவரிடம் நேரில் சொல்லிவிடுங்கள், அவர் புரிந்துகொள்வார். கலந்தாய்வு நெருங்கினால் ஒரு பணியிடத்தை மட்டும் நிரப்பாமல் வைக்கச் சொல்லி இடைக்கால உத்தரவு கேளுங்கள். மொத்தக் கலந்தாய்வுக்கும் தடை கேட்பதைவிட நீதிமன்றம் இதற்குச் சம்மதிக்க வாய்ப்பு அதிகம், சக ஆசிரியர்களின் சாபமும் இருக்காது.

ஓய்வு நெருங்குபவர்கள் மற்றவர்களைவிட வேகமாக இருக்க வேண்டும். 2024இல் மேற்கு வங்கத்தின் அமல் சத்பதி வழக்கில், ஓய்வுக்கு முன் பரிந்துரை வந்தும் உத்தரவு வராமல் ஓய்வு பெற்றவருக்குப் பின்தேதியிட்ட பதவி உயர்வுப் பலன் கிடையாது என்று தீர்ப்பானது. புதிய பதவியில் பொறுப்பேற்றிருக்க வேண்டும் என்பது காரணம்.

உத்தரவு வாங்கியும் துறை நிறைவேற்றாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு. அதற்கு ஓராண்டுதான் காலம். நினைவூட்டுக் கடிதம் எழுதி எழுதியே அந்த ஓராண்டைக் கரைத்துவிடாதீர்கள்.

பதவி உயர்வு வந்த பிறகு

கலந்தாய்வில் தூரத்து ஊர்தான் இருக்கிறது என்று பதவி உயர்வே வேண்டாம் என்று அங்கேயே துறப்புக் கடிதம் எழுதிக் கொடுப்பவர்கள் உண்டு. அதை வீட்டில் கலந்து முடிவு செய்துகொண்டு வாருங்கள். துறந்த பிறகு இளையவர் உங்களைத் தாண்டினால் எந்த நீதிமன்றமும் கேட்காது.

தாமதமாக வந்த ஆணையை ஏற்றுப் பணியில் சேருங்கள். சேர்க்கை அறிக்கையோடு, முந்தைய தேதியிலிருந்து கருத்தியலாகப் பதவி உயர்வு கோரும் என் உரிமைக்குப் பாதகமின்றிச் சேர்கிறேன் என்று தனிக் கடிதம் கொடுங்கள். கருத்தியலாக, அதாவது அந்தத் தேதியில் உயர்ந்ததாகக் கணக்கில் மட்டும் வைத்துக் கிடைத்தால் முன்னுரிமையும் ஊதிய நிர்ணயமும் சரியாகும், நிலுவைத் தொகை கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம்.

ஊதிய நிர்ணயத்தில் பதவி உயர்வு நாளிலிருந்தா, கீழ்ப்பதவியின் அடுத்த ஆண்டு ஊதிய உயர்வு நாளிலிருந்தா என்று விருப்பம் கேட்பார்கள். பட்டதாரி ஆசிரியரின் தொடக்க ஊதியம் 36,400, முதுகலை ஆசிரியருக்கு 36,900. தொடக்கத்தில் வித்தியாசம் 500 ரூபாய்தான் என்பதால் பலர் இதில் அலட்சியமாக இருக்கிறார்கள். பல ஆண்டு பணி முடித்தவருக்குத் தேதியைப் பொறுத்துக் கணக்கு மாறும். இரண்டு விதமாகவும் போட்டுப் பார்த்து, உரிய காலத்துக்குள் எழுத்தில் விருப்பத்தைக் கொடுத்து, அதற்கும் ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள்.